பெருக்கல் குறியைத் தேடிக் களைத்தவளின் மதிப்புரை

நான் பிழை திருத்துகிறவள். பிறர் எழுதியதில் ஒற்று மிகுந்ததா, கொம்பு விட்டுப்போனதா என்று பார்ப்பதே 28 ஆண்டுகளாக என் பிழைப்பு. கண் எரியத் தொடங்கியதும் மெய்ப்புத் தாள்களை மூடிவைத்துவிட்டு, மரக்கட்டைகளைக் கட்டத்துக்குள் பொருத்தும் ஒரு விளையாட்டைக் கைப்பேசியில் 20 நிமிடம் ஆடுவேன். அதில் படிப்பதற்கு ஒரு சொல்லும் இல்லை. எனக்கு அது பிடித்துப்போனதே அதனால்தான். ஒருநாள் எரிச்சல் தாங்காமல், விளம்பரம் வந்தபோதெல்லாம் தாளின் ஓரத்தில் ஒரு கோடு போட்டுக்கொண்டே வந்தேன். ஆடி முடித்தபோது 11 கோடுகள். கடிகாரத்தைப் பார்த்துக் கணக்கிட்டால், 20 நிமிடத்தில் ஏறக்குறைய 7 நிமிடம் நான் விளையாடவே இல்லை. பெருக்கல் குறியைத் தேடிக்கொண்டிருந்திருக்கிறேன்.

அந்தப் பெருக்கல் குறியைப் பற்றி ஒரு பத்தி எழுதினால்தான் மனம் ஆறும். வீடியோ முடிந்ததும் வலது மூலையில் சாம்பல் நிறத்தில் ஒன்று தோன்றும். எறும்பின் கண் அளவு. அதைத் தொட்டால் விளம்பரம் மூடாது, இரண்டாவது பக்கம் திறக்கும். அதன் குறி இடது மூலையில் இருக்கும், அதுவும் ஐந்து வினாடி கழித்துத்தான் வரும். மூன்றாவதாக வருவது இரட்டை அம்பு. ‘தவிர்' என்று பொருள்கொண்டு தொட்டால் செயலிக் கடைக்குள் கொண்டுபோய் விடும். சில நேரம் அது பெருக்கல் குறியே அல்ல, விளம்பரப் படத்துக்குள் வரைந்துவைத்த பெருக்கல் குறி. கூகுள் பிளே கடையில் இதற்கெல்லாம் விதி இருக்கிறது. 2022 செப்டம்பர் 30 முதல், 15 வினாடிக்குப் பிறகும் மூட முடியாத முழுத்திரை விளம்பரம் கூடாது; ஒரு கட்டம் தொடங்குகிற நேரத்தில் எதிர்பாராமல் குறுக்கே விழவும் கூடாது. பரிசுக்காக நாமே விரும்பிப் பார்க்கிற விளம்பரங்களுக்கு மட்டும் விலக்கு. நான் கடிகாரம் வைத்துப் பார்த்தேன். முதல் குறி பெரும்பாலும் 15 வினாடிக்குள் வந்துவிடுகிறது. அதற்குப் பிறகு வருகிற இரண்டாவது பக்கத்தையும் மூன்றாவது அம்பையும் என்ன கணக்கில் சேர்ப்பது? விதியின் சொல்லைக் காப்பாற்றிவிட்டுப் பொருளைக் கைவிட்டிருக்கிறார்கள்.

இன்னொன்று. ஒரு விளம்பரம் மூன்று வாரமாக என்னிடம் ‘இப்பொது விளையாடு' என்று சொல்லிக்கொண்டிருந்தது. இரட்டைக் கொம்பு போட வேண்டிய இடத்தில் ஒற்றைக் கொம்பு. ஒரு நாளைக்கு ஆறு தடவை அந்தப் பிழையைத் திருத்த முடியாமல் பார்த்துக்கொண்டிருப்பது எனக்கு என்னவாக இருந்திருக்கும் என்று என் தொழிலில் இருப்பவர்களுக்குத் தெரியும்.

ஆனால் இதையெல்லாம் சகித்துக்கொண்டுதான் இருந்தேன். என்னைக் களத்தில் இறக்கியது அம்மாவின் கைப்பேசி. அம்மாவுக்கு 76 வயது. சீட்டுகளை வரிசையாக அடுக்கும் சொலிட்டேர் ஆடுவாள். கைப்பேசி மெதுவாகிவிட்டது என்று கொடுத்தாள். திறந்து பார்த்தால் அவளுக்கே தெரியாத ஒன்பது செயலிகள்.

"இதையெல்லாம் ஏம்மா இறக்கினாய்?" என்று கேட்டேன்.

"நான் எங்கே இறக்கினேன்? ஓர் ஆள் தீயில் மாட்டிக்கொண்டிருந்தான். ஊசியை இழுத்தால் தண்ணீர் வந்து அணையும் என்றது. இழுத்தேன். உள்ளே போனால் அந்த ஆளையே காணவில்லை. வண்ணக் கற்களை அடுக்கச் சொல்கிறது."

காட்டுவது ஒரு விளையாட்டு, இறக்கினால் வருவது வேறொரு விளையாட்டு என்ற இந்தப் புகார் அம்மாவுடையது மட்டும் அல்ல. விளம்பரமும் உள்ளடக்கமும் பொருந்தவில்லை என்று பிரிட்டனின் விளம்பரத் தர ஆணையம் 2020இல் இரண்டு பிரபல விளையாட்டுகளின் விளம்பரங்களைத் தடை செய்திருக்கிறது. அம்மாவிடம் இதைச் சொன்னேன். "அந்த ஆள் என்ன ஆனான்?" என்று கேட்டாள்.

அன்றிலிருந்து ஆறு வாரம், விளம்பரத்தை நிறுத்தும் வழிகளை என் கைப்பேசியிலும் அவளுடையதிலும் மாற்றி மாற்றிச் சோதித்துப் பார்த்தேன். இரண்டும் ஆண்ட்ராய்டு. ஒப்பிட்டுப் பார்க்க அண்ணன் மகனின் ஐபோனை அவ்வப்போது பிடுங்கிக்கொண்டேன். நான் கணினிப் படிப்புப் படித்தவள் அல்ல. நுணுக்கமாகப் படிக்கும் பழக்கம் மட்டும் உண்டு.

முதலில் செய்தது எல்லோரும் செய்வது: விமானப் பயன்முறை. இணையம் இல்லாவிட்டால் விளம்பரம் எப்படி வரும்? வந்தது. விளையாட்டுக்கு நடுவில் இணைப்பைத் துண்டித்தேன், அதற்குப் பிறகும் இரண்டு விளம்பரங்கள் சாவகாசமாக ஓடின. நாம் கட்டைகளை நகர்த்திக்கொண்டிருக்கும்போதே விளையாட்டு அடுத்த விளம்பரத்தை இறக்கி மடியில் கட்டிக்கொண்டுவிடுகிறது. ஆகவே முதலில் விளையாட்டை முழுவதுமாக மூட வேண்டும், பிறகு இணையத்தை அணைக்க வேண்டும், அதன் பின்தான் திறக்க வேண்டும். இந்த வரிசையில் செய்தால் சுழியம். ஒரு கோடுகூட விழவில்லை.

நான்கு நாள் பேரின்பம். ஐந்தாம் நாள், நான் கட்டைகளை அடுக்கிக்கொண்டிருந்த 40 நிமிடத்தில் (ஆம், விளம்பரம் இல்லாவிட்டால் 20 நிமிடம் 40 ஆகிறது, இந்த ஆபத்தை யாரும் எச்சரிப்பதில்லை) பக்க வடிவமைப்பாளர் என்னைத் தேடி ஏழு முறை அழைத்திருக்கிறார். அச்சுக்குப் போகவிருந்த புத்தகத்தில் 64ஆம் பக்கத்துத் தலைப்பு மாறிவிட்டது, அதை உறுதி செய்ய வேண்டும். விமானத்தில் இருந்தேன் என்றா சொல்வது? பிறகுதான் உறைத்தது, விமானப் பயன்முறையே தேவையில்லை. மொபைல் டேட்டாவையும் வைஃபையையும் மட்டும் அணைத்தால் அழைப்புகள் வரும். தவிர, தனியாளாக ஆடும் விளையாட்டுகளிலேயே சில, இணையம் இல்லை என்றால் கதவைத் திறப்பதில்லை. கட்டையை அடுக்க இணையம் எதற்கு? விளம்பரத்துக்குத்தான்.

விளம்பரக்காரர்கள் நம் கைப்பேசியை அடையாளம் காண வைத்திருக்கும் விளம்பர அடையாள எண்ணை அழிப்பதைப் பற்றி இரண்டு வரி போதும். ஆண்ட்ராய்டு அமைப்புகளில் கூகுள் பகுதிக்குள் ‘விளம்பரங்கள்' என்ற இடத்தில் அந்த எண்ணை நீக்கலாம். ஐபோனில் 2021 ஏப்ரலில் வந்த 14.5 பதிப்பிலிருந்து ஒவ்வொரு செயலியும் நம்மைப் பின்தொடர அனுமதி கேட்க வேண்டும், மறுக்கலாம். இரண்டும் நல்லவை, செய்யுங்கள். ஆனால் விளம்பரம் குறையும் என்று நினைத்துச் செய்யாதீர்கள். நீக்கிய மறுநாளும் 11 கோடுகள்தான். என்னைத் தெரிந்துவைத்துக்கொண்டு தொல்லை கொடுத்தவர்கள், அதன் பின் தெரியாமல் கொடுத்தார்கள். மூக்குக் கண்ணாடி விளம்பரம் போய் லாரி டயர் விளம்பரம் வந்தது.

அடுத்து, காசு கொடுத்துப் பார்த்தேன். இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் நேர்மையான வழி இதுதான் என்று நம்பியே இதில் இறங்கினேன். நானும் கூலிக்கு வேலை செய்கிறவள். விளையாட்டைச் செய்தவருக்கும் சாப்பாடு வேண்டும். ஆடுகிறவர்களில் மிகச் சிலரே காசு கொடுக்கிறார்கள், மற்றவர்களின் கண்களை விற்றுத்தான் அவர் பிழைக்கிறார் என்பது எனக்குப் புரிகிறது. எனக்குத் திரையின் அடியில் ஒட்டிக்கொண்டிருக்கும் பட்டை விளம்பரத்தோடு சண்டையும் இல்லை. அது வாசலில் படுத்திருக்கும் பூனை மாதிரி, அதன் பாட்டுக்கு இருக்கும். 2013இல் வந்த ஃபிளாப்பி பேர்ட் என்ற விளையாட்டு அந்தப் பட்டையை மட்டுமே நம்பி உலகத்தையே ஆட்டிவைத்தது. அதைச் செய்தவர் 2014 பிப்ரவரியில் தானாகவே அதைக் கடையிலிருந்து எடுத்துவிட்டார் என்பது வேறு கதை. சண்டையெல்லாம் பேச்சுக்கு நடுவில் வாயைப் பொத்துகிற முழுத்திரை விளம்பரத்தோடுதான்.

என் கட்டை விளையாட்டில் ‘விளம்பரங்களை நீக்கு' என்று ஒரு பொத்தான். காசு கட்டினேன். பூனையும் போனது, வாய்பொத்தியும் போனது. முதல் கட்டத்தை முடித்தேன். ‘தொடர்க' இருக்க வேண்டிய இடத்தில், அதே பச்சை நிறத்தில், அதே வடிவத்தில் வேறொரு பொத்தான்: ‘இரட்டிப்பாக்கு'. பழக்கத்தில் தொட்டேன். 30 வினாடி விளம்பரம் ஓடத் தொடங்கியது. உண்மையான ‘தொடர்க' அதற்குக் கீழே சாம்பல் எழுத்தில், மூன்று வினாடி தாமதித்து வருகிறது. ஏமாந்துவிட்டோமோ என்று திரும்பிப் போய், வாங்கும் இடத்திலிருந்த சிறிய எழுத்தைப் படித்தேன். ‘கட்டாய விளம்பரங்கள் மட்டும் நீக்கப்படும்.' பொத்தானில் இல்லாத ஒரு சொல். ‘கட்டாய' என்ற அடைமொழியைத் தூக்கிவிட்டால் வாக்கியமே வேறு. ஒரு நூலில் இப்படி விட்டிருந்தால் ஆசிரியர் என்னைச் சும்மா விட்டிருக்க மாட்டார்.

ஆகவே வாங்குவதற்கு முன் கவனிக்க வேண்டியது: எந்த விளம்பரம் போகும், எது இருக்கும்? பரிசு விளம்பரங்கள் பெரும்பாலும் இருக்கும். ஒரு முறை கட்டினால் போதுமா, மாதச் சந்தாவா? சில விளையாட்டுகளில் இரண்டு பொத்தான்களும் இரட்டைப் பிள்ளைகள் மாதிரி அருகருகே நிற்கின்றன, சந்தாவின் தொகை பார்வைக்குச் சிறியதாக இருக்கிறது. கடைப் பக்கத்தில் ‘விளம்பரங்கள் உள்ளன' என்று குறிப்பிட்டிருப்பதையும் இறக்குவதற்கு முன்பே பார்த்துக்கொள்ளலாம். ஏமாந்ததாகத் தோன்றினால் உடனே கேளுங்கள். கூகுள் பிளேயில் வாங்கிய 48 மணி நேரத்துக்குள் பணத்தைத் திரும்பக் கேட்க வழி இருக்கிறது. நான் படித்துப் புரிந்துகொண்டது 50ஆவது மணி நேரத்தில்.

நடுவில் கைப்பேசியை மாற்றினேன். புதியதில் விளையாட்டைத் திறந்தால் பூனை, வாய்பொத்தி எல்லோரும் குடும்பத்தோடு திரும்பி வந்திருக்கிறார்கள். காசு போயிற்று என்றே நினைத்தேன். விளையாட்டின் அமைப்புகளுக்குள், மொழி மாற்றத்துக்கும் தனியுரிமை வாசகத்துக்கும் நடுவில், ‘வாங்கியவற்றை மீட்டெடு' என்று ஒரு வரி இருக்கிறது. அதைத் தொட்டும் பயன் இல்லை. காரணம் நான்தான். பழைய கைப்பேசியில் என் சொந்தக் கணக்கில் வாங்கியிருந்தேன், புதியதில் பதிப்பக வேலைக்கான கணக்கு முதலில் இருந்தது. செயலிக் கடைக்குள் சொந்தக் கணக்குக்கு மாறி, விளையாட்டை நீக்கிவிட்டு, அங்கிருந்தே மறுபடி இறக்கியதும் எல்லாம் அடங்கியது. இந்த ஒரு விஷயம் தெரியாமல் இரண்டாவது முறை காசு கட்டியவர்களை எனக்குத் தெரியும்.

அம்மாவுக்கும் இதையே வாங்கிக் கொடுக்கலாம் என்றால், என் கணக்கில் வாங்கியது அவளுக்குப் போகாது. கூகுளின் குடும்ப நூலகத்தில் முழுச் செயலியை வாங்கினால் பகிரலாம், செயலிக்கு உள்ளே வாங்கியதைப் பகிர முடியாது. ஆப்பிளில், விளையாட்டைச் செய்தவர் அனுமதித்திருந்தால் முடியும். எனக்கு இது வேடிக்கையாகவே படுகிறது. ஒரு வீட்டில் ஒரே புத்தகத்தை நான்கு பேர் படிக்கிறோம்.

இப்போது இந்த ஆறு வாரத்தின் நாயகனுக்கு வருகிறேன். ஆண்ட்ராய்டில் 2018இல் வந்த 9ஆம் பதிப்பிலிருந்து நெட்வொர்க் அமைப்புகளுக்குள் ‘தனிப்பட்ட டிஎன்எஸ்' என்று ஒரு வரி இருக்கிறது. கைப்பேசி எந்தத் தளத்தைத் தேடினாலும் முதலில் ஒருவரிடம் "இந்தப் பெயர்க்காரர் எந்த எண்ணில் இருக்கிறார்?" என்று கேட்கிறது. அந்த ஒருவர்தான் டிஎன்எஸ். அந்த வேலையை விளம்பரத்தை வடிகட்டும் ஒரு சேவையிடம் ஒப்படைத்துவிட்டால், விளம்பரச் சேவையகத்தின் பெயரைக் கேட்கும்போது மட்டும் "அப்படி ஒருவர் இங்கே இல்லையே" என்று முகம் மாறாமல் சொல்லிவிடும். வேறு எதையும் நிறுவ வேண்டியதில்லை, ஒரு முகவரியைத் தட்டினால் போதும். ஆட்கார்டு என்ற சேவை இப்படி ஒரு முகவரியைக் கணக்குக்கூடக் கேட்காமல் இலவசமாகத் தருகிறது. நெக்ஸ்ட்டிஎன்எஸ் கணக்குத் தொடங்கச் சொல்லும். மாதம் 3 லட்சம் கேள்விகள்வரை இலவசமாக வடிகட்டும், அதைத் தாண்டினால் வடிகட்டுவது நின்றுவிடும், இணையம் நிற்காது. எதைத் தடுத்தது என்ற பட்டியலையும் காட்டும். ஐபோனில் 2020இல் வந்த 14ஆம் பதிப்பிலிருந்து ஓர் அமைப்புக் கோப்பை இறக்கி இதையே செய்யலாம்.

முகவரியைத் தட்டினேன். சேமித்தேன். விளம்பரம் மட்டுமல்ல, மொத்த இணையமும் போய்விட்டது. மின்னஞ்சல் இல்லை, செய்தி இல்லை, ஒன்றும் இல்லை. இந்தச் சேவையே மோசடி என்று ஒரு மணி நேரம் திட்டித் தீர்த்த பிறகு அண்ணன் மகன் வந்து பார்த்தான். "அத்தை, ஓர் எழுத்தை விட்டுவிட்டீர்கள்" என்றான். 28 ஆண்டு அனுபவம். அவன் அதை இன்றுவரை யாரிடமும் சொல்லாமல் இருப்பதற்கு நான் நன்றியுடையவளாக இருக்க வேண்டும், ஆனால் இப்போது நானே எழுதிவிட்டேன். இந்த வரியில் பிழையான முகவரி இருந்தால் கைப்பேசி வேறு வழியைத் தேடாது, அப்படியே நின்றுவிடும். அது குறை அல்ல, அதன் குணம்.

திருத்திய பிறகு 20 நிமிடத்துக்கு ஒரே ஒரு கோடு. அந்த ஒன்றும், விளையாட்டைச் செய்தவரே தன் இன்னொரு விளையாட்டுக்குப் போட்ட விளம்பரம். சொந்தச் சேவையகத்திலிருந்து வருவதால் வடிகட்டியில் சிக்கவில்லை. யூடியூபிலும் இதனால்தான் பலிக்காது. அங்கே வீடியோவும் விளம்பரமும் ஒரே வாசல் வழியாக வருகின்றன, ஒன்றைத் தடுத்தால் மற்றதும் நின்றுவிடும். பட்டை இருந்த இடம் வெறும் கறுப்புக் கோடாகக் கிடந்தது. உண்மையைச் சொன்னால் பூனையைக் கொஞ்சம் தேடினேன்.

தொல்லைகளும் உண்டு. பொது இடத்து வைஃபையில் உள்நுழைவுப் பக்கம் திறக்காமல் அடம்பிடித்தது, சிறிது நேரம் அணைத்துவைத்து உள்ளே போனேன். கூகுளில் தேடும்போது முதலில் வருகிற ‘ஸ்பான்சர்' இணைப்புகளைத் தொட்டால் ஒன்றும் திறக்காது. கொஞ்சம் கீழே போய் அதே தளத்தைத் தொட வேண்டும். பரிசு விளம்பரங்களும் வராது, ‘இப்போது விளம்பரம் இல்லை, பிறகு முயலவும்' என்று விளையாட்டு கைவிரிக்கும். எனக்கு அது லாபம். அம்மாவுக்கு அல்ல, அதைக் கடைசியில் சொல்கிறேன். எல்லாவற்றுக்கும் மேலாக ஒன்றை யோசித்துக்கொள்ளுங்கள்: நீங்கள் எந்தெந்தத் தளத்துக்குப் போகிறீர்கள் என்ற பெயர்ப் பட்டியல் முழுதும் அந்தச் சேவையின் கண்ணில் படும். யாரோ கொடுத்தார் என்று ஊர்பேர் தெரியாத முகவரியைப் போட்டுவிடாதீர்கள்.

டிஎன்எஸ் பிடிக்காதவர்களுக்கு இன்னொரு வழி, ஒரு செயலிக்கு மட்டும் இணையத்தை வெட்டுவது. நெட்கார்டு என்ற திறந்த மூலச் செயலி (அதன் நிரலை யாரும் படித்துப் பார்க்கலாம்) இதைச் செய்கிறது. அது கைப்பேசிக்குள்ளேயே ஒரு விபிஎன் (இணையப் போக்குவரத்து முழுவதையும் தன் வழியாகத் திருப்பிவிடும் பாதை) மாதிரி நடித்து, நாம் சொல்கிற செயலியின் வாயை மட்டும் கட்டிவிடும். அழைப்பு வரும், செய்தி வரும், கட்டை விளையாட்டு மட்டும் உலகம் தெரியாமல் கிடக்கும். விமானப் பயன்முறையின் நன்மை எல்லாம் இதில் உண்டு, 64ஆம் பக்க அவமானம் இல்லை. இணையம் கேட்காத விளையாட்டுகளுக்கு என் முதல் சிபாரிசு இதுதான். ஆனால் ஆண்ட்ராய்டு ஒரு நேரத்தில் ஒரு விபிஎன்னைத்தான் அனுமதிக்கும், ஆகவே அலுவலக வேலைக்கு விபிஎன் வைத்திருப்பவர்களுக்கு இது ஒத்துவராது. பேட்டரியை மிச்சப்படுத்துகிறேன் என்று சில கைப்பேசிகள் இதைப் பின்னணியில் கொன்றுவிடுகின்றன. அமைப்புகளில் விலக்குக் கொடுக்க வேண்டும். ஐபோனில் செயலிவாரியாக மொபைல் டேட்டாவை அணைக்கலாம், வைஃபையை அப்படி அணைக்க முடியவில்லை.

அண்ணன் மகன் ஒரு குறுக்குவழி சொன்னான். விளம்பரத்தைப் பிய்த்தெறிந்து யாரோ மாற்றியமைத்த கோப்பு கிடைக்கிறதாம், கடைக்கு வெளியே இறக்கிக்கொள்ளலாமாம். "எல்லோரும் போடுகிறார்கள் அத்தை." யார் திருத்தியது என்று தெரியாத மெய்ப்பை நான் அச்சுக்கு அனுப்புவதில்லை என்றேன். விளம்பரத்தை எடுத்தவர் அந்த இடத்தில் எதை வைத்தார் என்று நமக்குத் தெரியாது, செய்தவரின் உழைப்பும் களவு போகிறது. இதற்கு மதிப்பெண் இல்லை.

சந்தாச் சேவைகளையும் பார்த்தேன். ஆப்பிள் ஆர்கேட், கூகுள் பிளே பாஸ் இரண்டும் 2019 செப்டம்பரில் வந்தவை, நெட்ஃபிளிக்ஸ் தன் சந்தாவுக்குள் விளையாட்டுகளை 2021 நவம்பரில் சேர்த்தது. விளம்பரமில்லை என்பது மூன்றுக்கும் பொதுவான வாக்குறுதி, கொடுத்த வாக்கைக் காப்பாற்றவும் செய்கின்றன. நாளைக்கு ஒரு விளையாட்டு ஆடுகிற குழந்தைகள் இருக்கும் வீட்டுக்குப் பொருந்தும். ஆறு ஆண்டுகளாக ஒரே கட்டையை ஒரே கட்டத்துக்குள் பொருத்திக்கொண்டிருப்பவளுக்கு, நூறு அறை உள்ள விடுதியை வாடகைக்கு எடுத்த மாதிரி.

எனக்கு உண்மையிலேயே மகிழ்ச்சி கொடுத்தது, முதலிலிருந்தே விளம்பரம் வைக்காத விளையாட்டுகள். ஆண்ட்ராய்டில் எஃப்-டிராய்டு என்ற திறந்த மூலச் செயலிக் கடை ஒன்று உண்டு. அங்கே ஒரு செயலியில் விளம்பரம் இருந்தால் அதை ‘வேண்டாத அம்சம்' என்ற தலைப்பில் பட்டியலிட்டு எச்சரிப்பார்கள். பெருங்கடைகள் விளம்பரத்தைத் தகவலாகச் சொல்கின்றன, இவர்கள் குற்றமாகச் சொல்கிறார்கள். அந்த ஒரு தலைப்புக்காகவே எனக்கு அந்தக் கடையின் மேல் மரியாதை வந்தது. சைமன் டாதம் என்ற பிரிட்டிஷ் நிரலாளரின் புதிர்த் தொகுப்பு அங்கே கிடைக்கிறது. ஏறக்குறைய 40 வகைப் புதிர்கள், காசு இல்லை, விளம்பரம் இல்லை, அழகும் இல்லை. பள்ளிக்கூடக் கணக்கு நோட்டு மாதிரி இருக்கிறது. முதல் நாள் முகம் சுளித்தேன், மூன்றாம் நாள் கட்டை விளையாட்டை மறந்துவிட்டேன். சதுரங்கம் ஆடுகிறவர்களுக்கு லிசெஸ். நன்கொடையில் நடக்கும் லாப நோக்கற்ற அமைப்பு அது, உலகம் முழுதும் ஆட்களோடு ஆடலாம், ஒரு விளம்பரமும் வராது. நானும் நன்கொடை கொடுத்தேன். விளம்பரத்தை நீக்கக் காசு கட்டியபோது வந்த எரிச்சல் இதைக் கொடுத்தபோது வரவில்லை.

என் கைப்பேசியில் கடைசியாக நிலைத்தது: டிஎன்எஸ், டாதமின் புதிர்கள், எப்போதாவது காசு கட்டிய கட்டை விளையாட்டு. தாளின் ஓரத்தில் கோடு போடுவதை நிறுத்திவிட்டேன்.

அம்மாவுக்கு வருகிறேன். ஒன்பது செயலிகளையும் நீக்கி, டிஎன்எஸ் முகவரியை (எழுத்தெழுத்தாகச் சரிபார்த்து) போட்டுக் கொடுத்தேன். மூன்று நாள் சத்தமில்லை. நான்காம் நாள் தொலைபேசி.

"விளையாட்டைக் கெடுத்துவிட்டாய். சீட்டைத் திருப்பி எடுக்க முடியவில்லை."

அவளுடைய சொலிட்டேரில் தவறாக வைத்த சீட்டைத் திரும்ப எடுக்க வேண்டுமானால் ஒரு விளம்பரம் பார்க்க வேண்டும். விளம்பரம் இல்லை, ஆகவே திருப்பலும் இல்லை. அதனால் என்ன, தொல்லை விட்டதே என்றேன்.

"தொல்லை என்று உனக்கு யார் சொன்னது? அது ஓடும்போதுதான் கண்ணாடியைத் துடைப்பேன்."

தடுத்த பட்டியலைப் பார்த்து, பரிசு விளம்பரம் வருகிற முகவரியை மட்டும் திறந்துவிட்டேன். பரிசு விளம்பரம் வந்தது, கூடவே முழுத்திரை விளம்பரங்களும் வந்தன. இரண்டுக்கும் ஒரே கிணறு. மறுபடி மூடினேன். எஃப்-டிராய்டிலிருந்து விளம்பரமே இல்லாத ஒரு சீட்டு விளையாட்டை இறக்கி வைத்தேன். எத்தனை முறை வேண்டுமானாலும் சீட்டைத் திருப்பலாம், யாரும் ஒன்றும் கேட்க மாட்டார்கள். இரண்டு நாள் ஆடிவிட்டு அம்மா தீர்ப்பு சொன்னாள்: "நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் ஜெயித்தால் ஒரு வார்த்தை பேச மாட்டேன் என்கிறது." பழையதில் வென்றால் வாணவேடிக்கை நடக்கும்.

போன வாரம் போயிருந்தபோது அவளுடைய கைப்பேசியை வாங்கிப் பார்த்தேன். ‘தனிப்பட்ட டிஎன்எஸ்' வரியில் ‘முடக்கப்பட்டது' என்று இருந்தது. எந்த வரியைத் தொட வேண்டும் என்று அண்ணன் மகன் பாட்டிக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறான். அம்மா நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். கண்ணாடி பளிச்சென்று இருந்தது.